வீட்டுக் கடனின் முழு விலை

(வெள்ளிவிழாக் கருத்தரங்கில் நிகழ்த்தப்பெற்ற உரை)



கல்விச் சங்கம் ஒன்று தன் வெள்ளிவிழாவில் வட்டிக் கணக்கைப் பற்றிப் பேசச் சொல்லுமா எனச் சிலர் வியக்கக் கூடும். இருபத்தைந்து ஆண்டுகளுக்கு முன் நம் பிள்ளைகளைப் பள்ளிப் படிப்போடு நின்றுவிடாமல் கல்லூரிக்கு அனுப்புவதே சங்கத்தின் பெருங்கவலையாக இருந்தது. அந்தப் பிள்ளைகள் இன்று ஆசிரியராகவும் செவிலியராகவும் அலுவலக எழுத்தராகவும் துறைமுகப் பணியாளராகவும் சம்பளம் வாங்குகின்றனர். தம் குடும்பத்தில் முதன்முதலாக மாதச் சம்பளம் வாங்கியவர்கள் அவர்கள். அந்தச் சம்பளச் சீட்டைப் பார்த்தவுடன் வங்கி கேட்பதும் அவர்கள் விரும்புவதும் ஒன்றாகவே இருக்கிறது: வீட்டுக் கடன். முப்பது, நாற்பது பக்கங்கள் கொண்ட அந்த ஒப்பந்தத்தில் நம் பட்டதாரிகள் குறுக்குக் கோடு போட்ட இடங்களிலெல்லாம் கையெழுத்திட்டுத் திரும்புகின்றனர். படித்துப் பார்த்தவர் எத்தனை பேர் எனக் கேட்டால் அவையில் சிரிப்பொலிதான் எழும். கைநாட்டு வைத்த காலம் போய்விட்டது. படிக்காமல் கையெழுத்திடும் காலம் இன்னும் போகவில்லை.

வீடு என்பது நமக்கு என்ன என்பதை முதலில் சொல்லிவிட வேண்டும். நம் பாட்டன்மார்க்கு வீடு இருந்தது, மனை இல்லை. காவிரிப் படுகையில் பண்ணையாளின் குடிசை நின்ற இடம் மிராசுதாரருடையது. பண்ணை வேலையை விட்டவன் குடிசையையும் விட்டுப் போக வேண்டும். கூலி உயர்வு கேட்டவனுக்கு முதலில் காட்டப்பட்ட அச்சம் இருப்பிடத்தைக் காலி செய் என்பதே. 1968ஆம் ஆண்டு டிசம்பர் 25ஆம் நாள் இரவு, நம் எல்லைக்கு அருகே உள்ள கீழவெண்மணியில் ஒற்றைக் குடிசைக்குள் 44 உயிர்கள் எரிக்கப்பட்டதை இந்த அவைக்கு நாம் விளக்க வேண்டுவதில்லை. தமிழ்நாட்டில் 1971இல் குடியிருப்பு மனையை அதில் குடியிருந்தவர்க்கே உரிமையாக்கும் சட்டம் வந்தது. அதையொட்டிய சட்டம் புதுவைப் பகுதிக்கும் வந்தது. பின்னர் அரசின் மனைப் பட்டாக்கள் வந்தன. ஆக, நம் குடும்பங்களில் மனைக்கு வயது ஐம்பதைத் தாண்டாத வீடுகளே மிகுதி.

வாடகை வீட்டில் இருந்துகொண்டு மிச்சப் பணத்தைச் சேமிப்பதே இலாபம் எனப் பொருளாதாரம் படித்தவர்கள் எழுதுகிறார்கள். கணக்கின்படி சில ஊர்களில் அது சரியாகவும் இருக்கலாம். ஆனால் அவர்கள் வாடகைக்கு வீடு கேட்டுப் போகும்போது, “எந்தத் தெருவிலிருந்து வருகிறீர்கள்?” என்று யாரும் கேட்பதில்லை. நம்மைக் கேட்கிறார்கள். சம்பளச் சீட்டு ஒன்றாக இருந்தும் சாவி கிடைப்பது ஒன்றாக இருப்பதில்லை. ஆகவே கடன் வாங்கிச் சொந்த வீடு கட்டுவதை நாம் குறை கூறப் போவதில்லை. அந்த ஆசை நியாயமானது. அந்த ஆசை மிகுதியாக இருப்பதாலேயே, விலை கேளாமல் வாங்கும் கூட்டமாக நாம் ஆகிவிடுகிறோம் என்பதே நம் கவலை.

கடன் நம் நிலத்தைத் தின்ற வரலாறு பழையது. செங்கற்பட்டு ஆட்சியராக இருந்த திரெமென்கீர் 1891இல் பறையர் நிலையைப் பற்றி எழுதிய அறிக்கையின் பயனாக, 1892இல் சென்னை மாகாண அரசு தாழ்த்தப்பட்டோர்க்கு நிலம் ஒதுக்க ஆணையிட்டது. பஞ்சமி நிலம் என்பது அதுவே. பத்தாண்டுக்கு விற்கவோ அடமானம் வைக்கவோ கூடாது, அதன் பிறகும் நம்மவர் அல்லாதார்க்குக் கைமாறக் கூடாது என்று நிபந்தனையும் இருந்தது. இருந்தும் அந்நிலங்களில் பெரும் பகுதி பிறர் கைக்குப் போயிற்று. மருத்துவச் செலவுக்கும் திருமணச் செலவுக்கும் வாங்கிய சிறு கடனுக்கு ஈடாக எழுதிக் கொடுத்த தாள்களும் அதற்கு ஒரு வழி. 1994இல் செங்கற்பட்டை அடுத்த காரணையில் அந்நிலத்தை மீட்கப் போராடியவர்களில் இருவர் துப்பாக்கிச் சூட்டில் உயிர் துறந்தனர். நூறாண்டுக்கு முன் வாங்கிய கடனுக்குப் பேரப்பிள்ளைகள் கொடுத்த விலை அது.

காரைக்கால் அப்போது பிரெஞ்சு ஆட்சியில் இருந்தமையால் அந்த ஆணை நமக்கு வரவில்லை. நமக்கு வந்தது வேறு. பத்தொன்பதாம் நூற்றாண்டில் இதே காரைக்கால் துறையிலிருந்து ரெயூனியனுக்கும் குவாதலூப்புக்கும் மர்த்தினிக்குக்கும் கரும்புத் தோட்டக் கூலிகளாகக் கப்பலேறியவர்களில் நம் மக்கள் பலர். கையில் வாங்கியது சில ரூபாய் முன்பணம். ஒப்பந்தத்தில் எழுதிக் கொடுத்தது ஐந்து ஆண்டு உழைப்பு. முன்பணம் எவ்வளவு என்பது எல்லார்க்கும் தெரிந்திருந்தது. அந்த ஐந்து ஆண்டு எத்தனை ஆண்டாக நீளும் என்பது ஏறியவர்க்குத் தெரிந்திருக்கவில்லை. இன்றைய வங்கிக் கடன் அந்தக் கொடுமையோடு ஒப்பிடத் தக்கதன்று. சட்டமும் காவலும் இப்போது உண்டு. கையில் வருவதை மட்டும் பார்த்து, கொடுக்கப் போவதைப் பாராத வழக்கம் மட்டும் ஒன்றே.

இனிக் கணக்குக்கு வருவோம். கரும்பலகையை இப்பக்கம் திருப்பி வைக்குமாறு மாணவர்களைக் கேட்டுக்கொள்கிறோம்.

ஒரு குடும்பத்தை எண்ணிக்கொள்வோம். மனைவி செவிலியர், கணவர் தனியாரிடம் ஓட்டுநர். கோட்டுச்சேரிப் பக்கம் சொந்த மனையில் வீடு கட்ட வங்கியில் 10 லட்சம் ரூபாய் கடன் வாங்குகின்றனர். வட்டி ஆண்டுக்கு 9 விழுக்காடு, காலம் 20 ஆண்டு, அதாவது 240 தவணை. மாதத் தவணை 8,997 ரூபாய். இருவர் சம்பளத்தில் இது கட்டக் கூடிய தொகையே என்று மகிழ்ந்து கையெழுத்திடுகின்றனர். “மாதம் எவ்வளவு?” என்ற ஒரு கேள்வியை மட்டுமே அவர்கள் கேட்டனர், வங்கியும் அதற்கு மட்டுமே விடை கூறிற்று.

8,997ஐ 240ஆல் பெருக்கினால் 21 லட்சத்து 59 ஆயிரத்துச் சொச்சம் வரும். வாங்கியது 10 லட்சம்; வட்டி மட்டும் 11 லட்சத்து 59 ஆயிரம். ஒரு வீட்டின் விலையில் இரண்டு வீடு என்று இதைச் சொல்லலாம். அதில் ஒரு வீட்டில் மட்டுமே நாம் குடியிருப்போம்.

ஆயினும் மொத்தத் தொகையைவிட, அது எந்த வரிசையில் கழிகிறது என்பதே நம் மக்களுக்குத் தெரிய வேண்டிய செய்தி. ஒவ்வொரு மாதமும் மீதி நிற்கும் அசலுக்கு முதலில் வட்டி எடுக்கப்படுகிறது. எஞ்சியதே அசலில் கழிகிறது. முதல் மாதம் 10 லட்சத்துக்கு வட்டி 7,500. கட்டியது 8,997. ஆகவே அசலில் குறைந்தது 1,497 ரூபாய் மட்டுமே. அடுத்த மாதம் வட்டி 7,489, அசலுக்கு 1,508. இப்படிப் பதினொரு ரூபாய், பன்னிரண்டு ரூபாய் என்று ஊர்ந்து செல்கிறது. ஓராண்டில் ஒரு லட்சத்து 8 ஆயிரம் ரூபாய் கட்டி முடித்த குடும்பத்தின் அசலில் குறைந்திருப்பது 19 ஆயிரத்துக்கும் குறைவு. ஐந்தாண்டு முடிவில் 5 லட்சத்து 40 ஆயிரம் கட்டியிருப்பார்கள். பாக்கி 8 லட்சத்து 87 ஆயிரம். பத்தாண்டு முடிவில், அதாவது பாதிக் காலம் கடந்த பின், கட்டியது 10 லட்சத்து 80 ஆயிரம். வாங்கியதற்கு மேல் கட்டியாயிற்று. பாக்கி எவ்வளவு தெரியுமா? 7 லட்சத்து 10 ஆயிரம். பன்னிரண்டு ஆண்டு கடந்த பிறகே, கட்டும் தவணையில் அசலுக்குப் போவது வட்டிக்குப் போவதை விஞ்சுகிறது.

இதில் வஞ்சகம் ஒன்றும் இல்லை. மீதி அசலுக்கு வட்டி என்பது நேர்மையான முறையே. “இவ்வளவு கட்டியும் கடன் குறையவில்லையே, வங்கிக்காரன் ஏமாற்றிவிட்டான்” என்று பத்தாம் ஆண்டில் சண்டைக்குப் போவதைவிட, முதல் நாளே கணக்கைத் தெரிந்து வைத்திருப்பது நல்லது. ரூபாயின் சிக்கலைப் பற்றி இலண்டனில் ஆய்வு செய்து 1923இல் நூலாக வெளியிட்ட அண்ணல் அம்பேத்கரின் படத்தை வீட்டுக்கு வீடு மாட்டியிருக்கும் நாம் நூற்றுக்கு முக்கால் வட்டிக் கணக்கைக் கண்டு ஒதுங்குவது பொருந்துமா?

தவணையைக் குறைத்துக்கொள்ள நம்மவர் கையாளும் வழி காலத்தை நீட்டுவது. அதே 10 லட்சத்தை 30 ஆண்டுக்கு எழுதினால் மாதத் தவணை 8,046. மாதம் 951 ரூபாய் மிச்சம் என்று தோன்றும். ஆனால் மொத்தம் 28 லட்சத்து 97 ஆயிரம் ஆகிவிடும். அதாவது 7 லட்சத்து 37 ஆயிரம் கூடுதல். மாறாக 15 ஆண்டுக்கு எழுதினால் தவணை 10,143. மொத்தம் 18 லட்சத்து 26 ஆயிரம். மாதம் 1,146 ரூபாய் கூடுதலாகக் கட்ட முடிந்த குடும்பத்துக்கு 3 லட்சத்து 33 ஆயிரம் மிச்சமாகிறது. ஒரு பிள்ளையின் கல்லூரிப் படிப்பே அந்தத் தொகைக்குள் அடங்கிவிடலாம். கல்விச் சங்கத்தில் இதைப் பேசுவதற்கு அதுவே காரணம்.

இன்னொரு பக்கத்தையும் சொல்லாமல் விடுவது முறையன்று. இருபதாம் ஆண்டில் கட்டப் போகும் 8,997 ரூபாயின் மதிப்பு இன்றைய 8,997இன் மதிப்பாக இராது. விலைவாசி ஏறும், சம்பளமும் ஏறலாம், தவணை ஏறாது. சொந்த வீட்டில் இருப்பதால் வாடகையும் மிச்சம். ஆகவே 21 லட்சம் என்ற எண்ணை மட்டும் கண்டு அஞ்சி ஓடுவதும் அறியாமையே. ஆனால் அந்த வாதம் ஆண்டுதோறும் அகவிலைப்படி உயரும் அரசு ஊழியர்க்குப் பொருந்துவதுபோல், பத்தாண்டாக ஒரே சம்பளத்தில் வண்டி ஓட்டுபவர்க்குப் பொருந்துவதில்லை. எவர் சம்பளம் ஏறும், எவர் சம்பளம் நிற்கும் என்பதை அந்தந்தக் குடும்பமே அறியும்.

தவணை ஏறாது என்றோம். அதிலும் ஒரு நிபந்தனை உண்டு. இன்று தரப்படும் வீட்டுக் கடன்களில் பெரும்பாலானவை மாறும் வட்டியில் எழுதப்படுபவை. 2019 அக்டோபர் முதல் வங்கிகள் புதிய வீட்டுக் கடனின் மாறும் வட்டியை ரிசர்வ் வங்கியின் ரெப்போ விகிதம் போன்ற வெளி அளவுகோலோடு இணைக்க வேண்டும் என்பது விதி. ரெப்போ 2020 மே முதல் 4 விழுக்காட்டில் நின்றது. அந்நாளில் ஏறத்தாழ 7 விழுக்காட்டுக்குக் கடன் கிடைத்தது. கண்டவர் எல்லாம் வாங்கினர். 2022 மே மாதம் ஏற்றம் தொடங்கிற்று. 2023 பிப்ரவரிக்குள் ரெப்போ 6.50 ஆகிவிட்டது. ஒன்பது மாதத்தில் இரண்டரை விழுக்காடு!

இரண்டரைதானே என்று எண்ணற்க. 10 லட்சத்தை 7 விழுக்காட்டில் 20 ஆண்டுக்கு வாங்கியவரின் தவணை 7,753. ஓராண்டு கட்டிய பின் பாக்கி 9 லட்சத்து 76 ஆயிரம். இப்போது வட்டி 9.50 ஆகிறது. அந்தப் பாக்கிக்கு ஒரு மாத வட்டி மட்டும் 7,728. தவணையை உயர்த்தாமல் விட்டால் அசலில் கழிவது மாதம் 25 ரூபாய்! அப்படியே கட்டிக்கொண்டு போனால் கடன் தீர இன்னும் அறுபது ஆண்டு ஆகும். அவ்வளவு தூரம் எந்த வங்கியும் விடாது; ஓய்வு வயது வரை நீட்டிப் பார்த்து, அதற்கு மேல் தவணையை உயர்த்தும். அதே காலத்துக்குள் முடிக்க வேண்டுமானால் தவணை 9,263 ஆக வேண்டும். அக்காலத்தில் தவணை மாறவில்லை என்று நிம்மதியாக இருந்த பலர், காலம் நீண்டுகொண்டே போனதை அறிந்திருக்கவில்லை. இதைக் கண்டே ரிசர்வ் வங்கி 2023 ஆகஸ்டில் ஒரு விதி செய்தது: வட்டி மாறும்போது தவணையை உயர்த்துவதா, காலத்தை நீட்டுவதா, இரண்டையும் செய்வதா, ஒரு பகுதியை முன்கூட்டியே கட்டுவதா எனக் கடனாளியைக் கேட்க வேண்டும். கேட்காமல் காலத்தை நீட்டியிருந்தால் எழுத்தில் கேளுங்கள்.

2025இல் ரெப்போ நான்கு முறை குறைக்கப்பட்டு 5.25 ஆயிற்று. வட்டி குறையும் காலத்தில் தவணையைக் குறைத்துத் தருமாறு கேட்பது இயல்பு. முடிந்தவர்கள் அப்படிச் செய்யாமல் பழைய தவணையையே கட்டி வருவது நன்று. ஏறியபோது நீண்ட ஆண்டுகள் இறங்கும்போது சுருங்கும்.

ரெப்போவோடு இணைப்பது வங்கிகளுக்கான விதி. வீட்டு வசதி நிதி நிறுவனங்களை அது கட்டுப்படுத்தாது. அவை தாமே வகுத்த விகிதத்தின்படி ஏற்றவும் இறக்கவும் செய்கின்றன; இறக்குவதில் அவ்வளவு அவசரம் காட்டுவதில்லை. சம்பளச் சீட்டு இல்லாத நம் கொத்தனார், மீன் வியாபாரி, ஆட்டோ ஓட்டுநர் ஆகியோர்க்கு வங்கி கதவடைக்கும்போது அந்நிறுவனங்களே கடன் தருகின்றன. வட்டி 13 விழுக்காடு என்று வைத்துக்கொண்டால் 10 லட்சத்துக்கு 20 ஆண்டில் 28 லட்சத்து 12 ஆயிரம் கட்ட வேண்டும். வங்கிக் கடனைவிட ஆறரை லட்சம் கூடுதல். ஏழையாக இருப்பதற்கு ஆகும் செலவு என்று ஒன்று உண்டாயின், அது இதுவே. இரண்டு மூன்று ஆண்டு ஒழுங்காகக் கட்டியவர்கள் அந்தக் கணக்கைக் காட்டி வங்கிக்குக் கடனை மாற்ற முயல வேண்டும். மாறும் வட்டியில் தனிநபர் வாங்கிய வீட்டுக் கடனை முன்கூட்டி முடிப்பதற்கு வங்கிகள் தண்டம் வாங்கக் கூடாது என்பது 2012இலேயே வந்த விதி. அதனால் யாரும் அச்சுறுத்தினாலும் அஞ்ச வேண்டியதில்லை.

இத்தனையும் வட்டி. வீட்டைக் கட்டிப் பார் என்ற பழமொழிக்குப் பொருள் வட்டிக்கு வெளியேதான் இருக்கிறது. வங்கி முழுச் செலவையும் தருவதில்லை. 30 லட்சம் வரையிலான கடனுக்கு வீட்டு மதிப்பில் 90 விழுக்காடு வரை தரலாம் என்பது உச்ச வரம்பு; எஞ்சிய பத்தும், முத்திரைத் தாள், பதிவுக் கட்டணம், வழக்கறிஞர் கருத்துரை, மதிப்பீட்டுக் கட்டணம், செயலாக்கக் கட்டணம் ஆகியவையும் நம் கையிலிருந்து. கையில் இல்லாதவர் என்ன செய்கிறார்? தாலிக்கொடியை அடகு வைக்கிறார். போதாததற்குத் தனியாரிடம் மூன்று ரூபாய் வட்டிக்கு இரண்டு லட்சம் வாங்குகிறார். மாதம் 6,000 ரூபாய் வட்டி. அசலில் ஒரு காசு குறையாது. வங்கித் தவணையில் மூன்றில் இரண்டு பங்கு அங்கே போய்விடுகிறது. வீடு வங்கிக் கடனால் மூழ்குவதைவிட, வங்கிக் கடனைப் பெறுவதற்காக வாங்கிய கைமாற்றால் மூழ்குவதே நாம் மிகுதியும் காண்பது.

இன்னொரு தந்திரத்தையும் அறிந்திருத்தல் வேண்டும். “ஃபிளாட் வட்டி 12 விழுக்காடு” என்பார்கள். ஒரு லட்சத்துக்கு ஐந்தாண்டில் 60 ஆயிரம் வட்டி, ஆக 60 தவணை, தவணைக்கு 2,667. அசல் குறைந்துகொண்டே வந்தாலும் முழு லட்சத்துக்கும் வட்டி வாங்குகிறார்கள். மீதி அசலுக்கு வட்டி என்ற முறையில் இது 20 விழுக்காட்டுக்கு மேல். 12ஐயும் 9ஐயும் பக்கத்தில் வைத்து மூன்றுதான் வேறுபாடு என்று ஏமாறக் கூடாது.

கட்டும் காலத்தில் வங்கி பணத்தை அடித்தளம், கூரை மட்டம் எனப் படிப்படியாகத் தருகிறது. முழுத் தவணை தொடங்கும் வரை பெற்ற தொகைக்கு வட்டி மட்டும் கட்ட வேண்டும். அது அசலில் சேராது. 10 லட்சமும் பெற்றுவிட்ட நிலையில் வேலை ஆறு மாதம் இழுத்தால் 45 ஆயிரம் ரூபாய் காற்றில் போயிற்று. ஐப்பசி, கார்த்திகை மழையில் இந்தக் கடற்கரையில் கொத்து வேலை நிற்கும் என்பது நமக்குத் தெரியாததன்று. தை பிறந்த பின் தொடங்கி ஆடிக்குள் கூரை போடத் திட்டமிடுவது வட்டிக் கணக்கிலும் நல்லதே. உப்புக் காற்றில் கம்பி துருப்பிடித்துத் தளம் உதிரும். எனவே இருபதாண்டு தவணை கட்டி முடிக்கும் முன்பே ஒருமுறை பெரும் பழுதுபார்ப்பு வந்துவிடும். அதற்கென மாதம் சிறு தொகை ஒதுக்காதவர் அப்போது மறுபடியும் கடன் வாங்குவார்.

காப்பீடு பற்றி ஒரு சொல். கடனோடு சேர்த்து ஒரே தவணைக் காப்பீட்டுப் பத்திரம் ஒன்றை விற்பது வழக்கமாகிவிட்டது. கட்டணம் 40 ஆயிரம் என்று வைத்தால் அதையும் கடனில் சேர்த்துவிடுவர். அந்த 40 ஆயிரம் 20 ஆண்டில் 86 ஆயிரம் ஆகிவிடும். உயிர்க் காப்பீடு இல்லாமல் கடன் தர முடியாது எனச் சொல்ல எந்தச் சட்டமும் இடம் தரவில்லை. ஆனால் சம்பாதிப்பவர் இறந்தால் கடன் நிற்கும் என்பதும் உண்மை. தனியே ஒரு காலக் காப்பீடு எடுத்துக்கொள்வது மலிவானது, அதைச் செய்யுங்கள். 2004 டிசம்பர் 26இல் கடல் பொங்கியதைக் கண்ட ஊர் இது. கட்டடத்துக்கும் காப்பீடு வேண்டும்.

வரிச் சலுகை இருக்கிறதே என்பார்கள். பழைய முறையில் வட்டியில் ஆண்டுக்கு 2 லட்சம் வரை வருமானத்திலிருந்து கழித்துக்கொள்ளலாம். ஆனால் வரியே கட்ட வேண்டாத வருமானமுடையவர்க்கு அந்தச் சலுகையால் பயன் என்ன? அரசு உதவியே நம் மக்களுக்கு உண்மைப் பயன். பிரதமர் வீட்டு வசதித் திட்டத்தின் பழைய வட்டி மானியம் 2022 மார்ச்சோடு முடிந்தது. 2024 செப்டம்பரில் தொடங்கிய நகர்ப்புறத்துக்கான இரண்டாம் கட்டத்தில், தகுதியுள்ள குடும்பத்துக்கு முதல் 8 லட்சம் கடன் மீது 4 விழுக்காடு வட்டி மானியம், மொத்தம் 1 லட்சத்து 80 ஆயிரம் வரை, ஐந்து தவணையில் தருவதாக வகுக்கப்பட்டுள்ளது. கடன் வாங்கும் முன் இதையும் ஆதிதிராவிடர் நலத்துறையின் உதவிகளையும் விசாரியுங்கள்; வாங்கிய பின் விசாரித்தால் பல வேளைகளில் பயனில்லை. அரசு தந்த இலவச மனையாயின் பட்டாவிலுள்ள நிபந்தனையைப் படியுங்கள். அதில் அடமானத்துக்குத் தடை இருக்கலாம். தடையை மறைத்து யாரேனும் கடன் வாங்கித் தருவதாகச் சொன்னால் அவர் தம் தரகுக்காகச் சொல்கிறார்.

நம் ஊர்களில் ஈடு என்ற சொல்லுக்கு முன்னோர் கண்ட வடிவம் வேறு. போக்கியத்துக்கு வீட்டைக் கொடுத்தால் பணம் தந்தவர் அதில் குடியிருப்பார், வட்டி இல்லை, பணத்தைத் திருப்பினால் வீடு திரும்பும். ஈடு போனது கண்ணுக்குத் தெரியும். வங்கி அடமானத்தில் நாமே வீட்டில் இருக்கிறோம். பத்திரம் மட்டும் வங்கிப் பெட்டகத்தில். ஆகவே ஈடு கண்ணுக்குத் தெரிவதில்லை, மறந்துவிடுகிறோம். தொடர்ந்து 90 நாள் தவணை தவறினால் அக்கடன் வாராக் கடன் ஆகிறது. 2002ஆம் ஆண்டின் சர்பாசி சட்டத்தின்படி வங்கி நீதிமன்றம் போகாமலேயே 60 நாள் அறிவிப்பு அனுப்பி, பின்னர் வீட்டைக் கைப்பற்றி ஏலம் விடலாம். அறிவிப்பைத் தபால்காரரிடம் வாங்காமல் திருப்பி அனுப்பினால் தப்பிக்கலாம் என்பது நம்மிடையே உலவும் தவறான நம்பிக்கை. வாங்குங்கள், எழுத்தில் மறுப்புத் தெரிவியுங்கள், 15 நாளுக்குள் வங்கி விடை தர வேண்டும். கைப்பற்றும் நடவடிக்கையை எதிர்த்து 45 நாளுக்குள் கடன் மீட்புத் தீர்ப்பாயத்தை அணுகலாம். அதற்கெல்லாம் முன், வேலை போன மாதமே, நோய் வந்த மாதமே வங்கிக்கு நேரில் சென்று தவணையைத் திருத்தி அமைக்கக் கேட்பது எளிது. வெட்கம் இதில் நம்மைக் கெடுக்கிறது.

தாய்மார்களுக்கு ஒன்று சொல்ல வேண்டும். உங்கள் சம்பளத்தையும் சேர்த்துக் காட்டினால் கடன் கூடுதலாகக் கிடைக்கும் என்று உங்களை இணைக் கடனாளியாகச் சேர்ப்பார்கள். கடனில் உங்கள் பெயர் இருந்தால் பத்திரத்திலும் உங்கள் பெயர் இருக்கட்டும். கடன் மட்டும் உங்களுடையது, மனை அவருடையது என்ற ஏற்பாட்டுக்குச் சம்மதிக்க வேண்டாம்.

நம் மக்களால் நெடுங்கடனைக் கட்ட முடியாது என்பாரும் உண்டு. நாகை, தஞ்சைப் பகுதிகளில் கிருஷ்ணம்மாள் ஜெகந்நாதனும் அவர் கணவரும் 1981இல் தொடங்கிய உழுவோர் நில உரிமை இயக்கம், வங்கிக் கடன் பெற்று நிலவுடைமையாளர்களிடமிருந்து நிலத்தை வாங்கி, நிலமற்ற குடும்பங்களின் பெண்கள் பெயரில் பிரித்துக் கொடுத்தது. அறுவடைக்கு அறுவடை அவர்கள் கடனைக் கட்டினர். அவர்களுக்கு இ.எம்.ஐ. என்ற சொல் தெரியாது. எத்தனை மூட்டை நெல் எத்தனை போகத்துக்கு என்பது தெரிந்திருந்தது. கடன் எப்போது முடியும் என்பதும் தெரிந்திருந்தது.

இனி, செய்யக் கூடியவை. 2024 அக்டோபர் முதல் வங்கியாயினும் நிதி நிறுவனமாயினும், ஒப்பந்தத்துக்கு முன் முக்கிய விவரங்கள் அடங்கிய அறிக்கை ஒன்றைக் கடனாளி புரிந்துகொள்ளும் மொழியில் தர வேண்டும். கட்டணங்களையும் உள்ளடக்கிய உண்மையான ஆண்டு வட்டி விகிதமும், தவணைவாரியாக அசல், வட்டி, பாக்கி என்ற அட்டவணையும் அதில் இருக்க வேண்டும். தமிழில் கேளுங்கள். அந்த அட்டவணையில் 60ஆம் தவணைக்கும் 120ஆம் தவணைக்கும் எதிரே உள்ள பாக்கியை விரலை வைத்துப் பாருங்கள். அதன் பின்னும் வேண்டும் என்று தோன்றினால் வாங்குங்கள். சங்கத்தின் படிப்பகத்துக்கு அத்தாளைக் கொண்டு வந்தால் நம் கணக்கு ஆசிரியர்கள் உடனிருந்து படித்துக் காட்டுவார்கள்.

வாங்கிய பின், ஆண்டுக்கு ஒரு தவணை மட்டும் கூடுதலாகக் கட்டி அதை அசலில் வரவு வைக்கச் சொல்லுங்கள். நாம் எடுத்துக்கொண்ட 20 ஆண்டுக் கடன் ஏறத்தாழ பதினாறரை ஆண்டில் முடியும். 2 லட்சம் ரூபாய்க்கு மேல் மிச்சமாகும். போனசோ, நெல் விற்ற பணமோ, சீட்டு எடுத்த பணமோ வரும் மாதத்தில் இதைச் செய்யலாம். முதல் ஐந்தாண்டில் கட்டும் கூடுதல் ரூபாய்க்கே வலிமை மிகுதி. கடைசி ஆண்டுகளில் கட்டுவதால் பெரும் பயன் இல்லை. ஆனால் மூன்று மாதத் தவணைக்கு ஈடான தொகை கையில் இல்லாமல் எல்லாவற்றையும் வங்கியில் கொட்டிவிட்டு, அடுத்த மாதம் கந்து வட்டிக்குப் போவது மதியன்று.

கடைசித் தவணை கட்டிய அன்று பலர் இனிப்பு வாங்கிக்கொண்டு வீட்டுக்குப் போய்விடுகின்றனர். வேலை அன்று முடிவதில்லை. 2023 டிசம்பர் முதல் நடப்பிலுள்ள விதியின்படி, கடன் தீர்ந்த 30 நாளுக்குள் வங்கி அசல் பத்திரங்கள் அனைத்தையும் திருப்பித் தர வேண்டும். தன் தவற்றால் காலந்தாழ்த்தினால் நாளொன்றுக்கு 5,000 ரூபாய் ஈடு தர வேண்டும். கொடுத்த நாளில் பத்திரங்களுக்கு வாங்கிய பட்டியலோடு ஒத்துப் பாருங்கள்; தாய்ப் பத்திரம் ஒன்று குறைந்தாலும் பெற்றுக்கொண்டதாகக் கையெழுத்திடாதீர்கள். பாக்கி இல்லை என்ற சான்றை வாங்குங்கள். அடமானம் பதிவு செய்யப்பட்டிருந்தால் சார்பதிவாளர் அலுவலகத்தில் அதன் ரத்து ஆவணமும் பதிவாக வேண்டும். அதன் பிறகு ஒரு வில்லங்கச் சான்றுக்கு விண்ணப்பியுங்கள். அதில் ரத்துப் பதிவு ஏறியிருப்பதைக் கண்ணால் கண்டு, அத்தாளைப் பத்திரத்தோடு சேர்த்துத் தைத்து, பிள்ளைகளுக்கும் அது இருக்கும் இடத்தைக் காட்டி வையுங்கள்.